டிராகுலாவுக்கு எதுக்கு சார் காதல்?

ராத்திரி பன்னிரண்டு மணி. உங்கள் ஜன்னலுக்கு வெளியே ஒருவன் கோட்டைச் சுவரில் பல்லி மாதிரி தலைகீழாக இறங்கிக்கொண்டிருக்கிறான். பார்த்ததும் உங்களுக்கு என்ன தோன்றும்? ‘பாவம், பொண்டாட்டியைப் பறிகொடுத்த மனுஷன் போலிருக்கு’ என்றா?

எனக்கும் தோன்றாது. ஆனால் பிரான்சிஸ் ஃபோர்டு கப்போலாவுக்குத் தோன்றியிருக்கிறது. ‘காட்ஃபாதர்’ எடுத்தாரே, சாட்சாத் அவரேதான். 1992-ல் அவர் எடுத்த ‘பிராம் ஸ்டோக்கர்ஸ் டிராகுலா’ சுமார் நாலு கோடி டாலரில் தயாராகி, இருபது கோடிக்கு மேல் வசூலித்து, உடை, ஒப்பனை, ஒலி என்று மூன்று ஆஸ்கர்களையும் அள்ளிக்கொண்டு போனது. அப்பேர்ப்பட்ட படத்தைக் குறை சொல்ல நீ யார் என்று கேட்பீர்கள். குறை சொல்லத்தான் போகிறேன். நடுவில் கொஞ்சம் கும்பிடவும் போகிறேன்.

முதன்முதலில் இதைப் பார்த்தது 1990-களின் நடுவில், திருவல்லிக்கேணி மேன்ஷன் ஒன்றின் பத்துக்குப் பத்து ரூமில். ஆளுக்குக் கொஞ்சம் காசு போட்டு டெக் வாடகைக்கு எடுத்து, சனிக்கிழமை ராத்திரி மூன்று படம். முதலாவது சண்டைப் படம். இரண்டாவது என்ன என்று சொல்ல மாட்டேன். மூன்றாவது இது. காஸெட் எத்தனையாவது காப்பியோ, ரத்தமெல்லாம் தக்காளி ரசம் கலரில் ஓடியது. விடிகாலை படம் முடிந்தபோது ஆறு பேரில் நாலு பேர் குறட்டை. விழித்திருந்த ரூம்மேட் ஒரு கம்பெனியில் டைப்பிஸ்ட். கொட்டாவிக்கு நடுவே ஒரே ஒரு கேள்வி கேட்டான்.

‘‘ஏண்டா, அந்தப் பொண்ணு ஆரம்பத்துல உட்கார்ந்து டொக்கு டொக்குன்னு டைப் அடிச்சுதே... அதெல்லாம் என்னாச்சு?’’

எனக்குப் பதில் தெரியவில்லை. பல வருஷம் கழித்து நாவலைப் படித்தபோதுதான் புரிந்தது. இந்தப் படத்தைப் பார்த்துக் கேட்க வேண்டிய கேள்வியே அதுதான்!

பார்க்காதவர்களுக்காகக் கதை, ஒரே மூச்சில். 1462. விளாட் என்ற இளவரசன் துருக்கியரோடு யுத்தத்துக்குப் போகிறான். அவன் செத்துவிட்டதாக அம்பில் கட்டிய பொய்க் கடிதம் கோட்டைக்கு வருகிறது. மனைவி எலிசபெத்தா ஆற்றில் குதிக்கிறாள். ஜெயித்துத் திரும்பியவனிடம், ‘தற்கொலை செய்துகொண்டவளின் ஆத்மாவுக்குக் கதி மோட்சம் கிடையாது’ என்கிறார் பாதிரியார். அவ்வளவுதான், ஆசாமி கொதித்துப்போய்க் கடவுளே வேண்டாம் என்று சிலுவையில் வாளைச் செருகுகிறான். சிலுவையிலிருந்து கொட்டும் ரத்தத்தைக் குடிக்கிறான். டிராகுலா ரெடி! அடுத்த காட்சி, 1897, லண்டன். வீடு விற்கும் விஷயமாகக் கோட்டைக்கு வரும் ஜொனாதன் ஹார்க்கர் என்ற இளைஞனிடம் அவனுக்கு நிச்சயமான மினாவின் போட்டோ இருக்கிறது. கிழட்டுப் பிரபு எட்டிப் பார்த்தால்... அச்சு அசல் எலிசபெத்தா. புறப்படுகிறார் லண்டனுக்கு.

‘நெஞ்சம் மறப்பதில்லை’யில் (1963) பூர்வ ஜென்மக் காதலைப் பார்த்து உருகிய நமக்கு இதில் அதிர்ச்சியடைய ஒன்றுமில்லை. அதிர்ச்சி வேறு இடத்தில் இருக்கிறது. பிராம் ஸ்டோக்கர் 1897-ல் எழுதிய நாவலில் இந்தக் காதல் ஒரு வரிகூடக் கிடையாது! எலிசபெத்தா இல்லை, அம்புக் கடிதம் இல்லை, மறுபிறவி இல்லை. துருக்கியரோடு போரிட்ட பழைய பிரபு வம்சம் என்று அங்கங்கே சில வரிகள், அத்தோடு சரி. ஸ்டோக்கர் அந்தப் பக்கம் போனதே இல்லை. 1890-ல் விட்பி என்ற கடற்கரை ஊரில், வல்லாக்கியா தேசத்தைப் பற்றிய பழைய புத்தகம் ஒன்றைப் புரட்டும்போது ‘டிராகுலா’ என்ற பெயர் கண்ணில் பட்டிருக்கிறது. சத்தம் நன்றாக இருக்கிறதே என்று எடுத்துக்கொண்டார். அதற்கு முன் அவருடைய குறிப்புகளில் வில்லனின் பெயர் ‘கவுண்ட் வாம்பைர்’. நல்லவேளை, மாற்றினார்!

பறிகொடுத்த காதலியின் சாயலில் ஒருத்தி என்ற சமாசாரம்கூடப் புதுசில்லை. 1973-ல் ஜாக் பேலன்ஸ் நடித்த டெலிவிஷன் டிராகுலாவிலேயே வந்துவிட்டது. திரைக்கதை எழுதிய ஜேம்ஸ் ஹார்ட் காதலைச் சேர்த்ததில் தப்பில்லை, சினிமாக்காரர்கள் சேர்க்கத்தான் செய்வார்கள். சேர்த்துவிட்டு, படத்தின் பெயரிலேயே ‘பிராம் ஸ்டோக்கர்ஸ்’ என்று அசல் முத்திரை குத்தினார்களே, அதைத்தான் தாங்க முடியவில்லை. ‘அசல், ஒரிஜினல், வேறு கிளைகள் இல்லை’ என்று போர்டு வைத்த கடையில் அல்வா வாங்கிய அனுபவம் நமக்கெல்லாம் இருக்கிறதே!

சரி, அந்த ஒரிஜினல்தான் எப்படி இருக்கும்? ஆபீஸ் ஃபைல் மாதிரி இருக்கும். கிண்டல் இல்லை, நிஜம். முழு நாவலும் டைரிகள், கடிதங்கள், தந்திகள், பேப்பர் கட்டிங்குகள், ஒரு கப்பலின் பதிவேடு. ஹார்க்கர் சுருக்கெழுத்தில் டைரி எழுதுகிறான். மனநோய் ஆஸ்பத்திரி டாக்டர் சூவர்ட் அன்றைக்குப் புத்தம் புதுசான ஃபோனோகிராஃபில் மெழுகு உருளைகளில் பேசிப் பதிவு செய்கிறார். இதில் ஒருவருக்குத் தெரிந்தது இன்னொருவருக்குத் தெரியாது. தோழி லூஸி நாளுக்கு நாள் வெளுத்துப்போவது ஏன் என்று டாக்டருக்குப் புரியவில்லை. ஹார்க்கர் கோட்டையில் எதைப் பார்த்தான் என்பது மினாவுக்குத் தெரியாது. எல்லாக் காகிதத்தையும் படிக்கிற ஒரே ஆள் நாம். ‘ஐயோ, அந்த ஜன்னலைத் திறக்காதேம்மா!’ என்று கத்த வேண்டும் போலிருக்கும். 27 அத்தியாயத்தில் முதல் நாலு போனால், அப்புறம் டிராகுலா தலைகாட்டுவதே அபூர்வம். மூடுபனி, வௌவால், கதவிடுக்கில் ஒரு நிழல்... ஆள் இல்லை. ஆள் இல்லாததுதான் பயம்.

இப்போது மினாவுக்கு வருவோம். டைப்பிஸ்ட் நண்பர்கள் எழுந்து நின்று கைதட்ட வேண்டிய இடம் இது. பள்ளிக்கூட டீச்சரான மினா, கணவனாகப் போகிறவனுக்கு ஒத்தாசையாக இருக்கட்டும் என்று சுருக்கெழுத்தும் டைப்பிங்கும் கற்றுக்கொள்கிறாள். சிதறிக் கிடந்த டைரி, கடிதம், மெழுகு உருளை அத்தனையையும் உட்கார்ந்து டைப் அடித்து, தேதி வாரியாக அடுக்கி ஒரே கட்டாக்குகிறாள். அப்போதுதான் எல்லோரையும் வேட்டையாடுவது ஒரே ஆசாமி என்பது வெளிச்சமாகிறது. டிராகுலாவுக்கும் ஆபத்து புரிந்துவிடுகிறது. ஒரு ராத்திரி வீட்டுக்குள் புகுந்து அத்தனை காகிதத்தையும் கொளுத்துகிறான், மெழுகு உருளைகளையும் நெருப்பில் வீசுகிறான். நானூறு வருஷத்துப் பிசாசு பயந்தது சிலுவைக்கு மட்டுமில்லை சார், ஃபைலுக்கும்தான்! ஆனால் இன்னொரு காப்பி இரும்புப் பெட்டியில் பத்திரமாக இருக்கிறது. கடைசியில், அவன் எந்த வழியாகத் தப்பி ஓடுவான் என்று கணக்குப் போட்டு எழுதி வைப்பதும் மினாதான். ரயில் நேர அட்டவணையெல்லாம் அந்தப் பெண்ணுக்கு மனப்பாடம்.

அத்தனை பேய்க்கதைகளிலும் குமாஸ்தா வேலை ஜெயித்த ஒரே கதை இதுவாகத்தான் இருக்கும். கப்போலாவின் படத்தில் இதெல்லாம் எங்கே? டைப்ரைட்டர் வருகிறது. வினோனா ரைடர் அழகாக உட்கார்ந்து தட்டுகிறார். அப்புறம் எழுந்து காதலிக்கப் போய்விடுகிறார். இதில் பெரிய வேடிக்கை, ஹார்க்கரைக் கல்யாணம் பண்ணிக்கொள்ளக் கப்பலில் போகும்போது, தன் டைரியில் டிராகுலாவைப் பற்றி எழுதிய பக்கங்களைத் தானே கிழித்துக் கடலில் வீசுகிறாள். நாவலில் வில்லன் அழிக்கப் பார்த்த காகிதத்தைப் படத்தில் கதாநாயகியே அழிக்கிறாள். ஸ்டோக்கரின் மினாவை இதைவிடச் சுலபமாகக் கொலை பண்ண முடியாது.

கதை சொல்வதிலும் அதே கோளாறு. முதல் ஐந்து நிமிஷத்திலேயே அவன் யார், ஏன் இப்படியானான், யாருக்காக ஏங்குகிறான் எல்லாம் சொல்லியாகிவிட்டது. மிச்சம் இரண்டு மணி நேரம் எதற்காகப் பயப்பட வேண்டும்? டைரிக் குரல்கள் பின்னணியில் ஓடிக்கொண்டேதான் இருக்கின்றன. ஆனால் எவர் டைரியும் நமக்கு எதையும் மறைக்கவில்லை, புதுசாகத் தரவும் இல்லை. மாலுமிகள் ஒவ்வொருவராகக் காணாமல் போக, கேப்டன் தன்னைச் சுக்கானோடு சேர்த்துக் கட்டிக்கொண்டு பதிவேடு எழுதும் ஒரு கப்பல் பயணம் நாவலில் வரும். படித்தால் அன்றைக்கு விளக்கை அணைக்க மனசு வராது. படத்தில் கொட்டாவி விட்டு நிமிர்வதற்குள் கப்பல் கரை சேர்ந்துவிடுகிறது.

இப்படித் திட்டித் தீர்த்த நான் படத்தை இரண்டாம் முறை பார்த்தது, பல வருஷம் கழித்து, நல்ல பிரிண்டில். பார்த்துவிட்டுக் கொஞ்ச நேரம் பேச்சே வரவில்லை. கண்ணுக்கு இப்படி ஒரு விருந்தைத் தக்காளி ரசத்தில் பார்த்துத் தொலைத்தோமே என்று வருத்தமாகிவிட்டது.

1991-ல் ‘டெர்மினேட்டர் 2’ வந்தது. 1993-ல் ‘ஜுராசிக் பார்க்’. உலகமே கம்ப்யூட்டர் மாயாஜாலத்தைப் பார்த்து வாய் பிளந்துகொண்டிருந்த அந்த இடைவெளியில் கப்போலா, ‘எனக்குக் கம்ப்யூட்டர் வேண்டாம், சினிமா பிறந்த காலத்துத் தந்திரங்கள் போதும்’ என்றார். அப்படியெல்லாம் முடியாது என்ற ஸ்பெஷல் எஃபெக்ட்ஸ் ஆட்களை வீட்டுக்கு அனுப்பிவிட்டு, இருபத்தைந்து வயசைத் தாண்டியிருந்த தன் மகன் ரோமனிடம் வேலையைக் கொடுத்தார். அந்தப் பையன் செய்ததைப் பாருங்கள்.

ஹார்க்கர் ரயிலில் போகிறான். அவன் முகத்தின் மேல் தேசப்படம் ஊர்கிறது. ஜன்னலுக்கு வெளியே சிவந்த வானத்தில் இரண்டு ராட்சதக் கண்கள். திறந்து கிடக்கும் பிரமாண்டமான டைரியின் விளிம்பில் பொம்மை ரயில் ஒன்று புகை விட்டுக்கொண்டு போகிறது. கோட்டைக்குள் எலிகள் உத்தரத்தில் தலைகீழாக ஓடுகின்றன. கேமராவைத் தலைகீழாகத் திருப்பி, அதே ஃபிலிமை மறுபடி ஓட்டி எடுத்த வேலை. செத்துப்போய்ப் பிசாசான லூஸி சவப்பெட்டிக்குள் வழுக்கிக்கொண்டு போய்ப் படுப்பது உங்கள் முதுகுத்தண்டை என்னவோ செய்கிறதா? நடிகை பெட்டியிலிருந்து எழுந்து பின்னோக்கி நடந்ததை எடுத்து, ரிவர்ஸில் ஓட்டியிருக்கிறார்கள். மனுஷ உடம்பு அப்படி நகராது என்று நம் கண்ணுக்குத் தெரியும், ஏன் என்று மூளைக்குத் தெரியாது. அந்த இடைவெளியில்தான் பயம் உட்கார்ந்திருக்கிறது.

எல்லாவற்றையும் தூக்கிச் சாப்பிடுவது நிழல். கிழ டிராகுலா ஹார்க்கரிடம் மரியாதையாக நின்று பேசுகிறான். பின்னால் சுவரில் அவன் நிழல் மட்டும் சொன்ன பேச்சைக் கேட்காமல் தன்னிஷ்டத்துக்கு நகர்கிறது. மேஜை மேலிருந்த மினாவின் படத்தின் மேல் மை கொட்டுகிறது. நிழலின் கை ஹார்க்கரின் கழுத்தை நெரிக்கப் போகிறது. கேரி ஓல்ட்மன் ஒரு பக்கம் நடிக்க, நிழலை வேறொருவர் தனியாக நடித்திருக்கிறார். வாயில் நாகரிகம், சுவரில் நிஜம். டிராகுலா யார் என்று அந்த ஒரு நிழல் சொல்வதை, காதல் வசனங்கள் இரண்டு மணி நேரம் பேசியும் சொல்ல முடியவில்லை.

லண்டன் தெருவில் பட்டப்பகலில் டிராகுலா முதன்முதலாக மினாவைப் பார்க்கும் காட்சியை, கையால் சுற்றும் பழைய பாத்தே கேமராவிலேயே எடுத்திருக்கிறார்கள். ஜனங்கள் அந்தக் காலத்து ஊமைப்படம் மாதிரி விசுக் விசுக்கென்று நடக்கிறார்கள். அங்கிருந்து அவர்கள் போவது எங்கே? சினிமாட்டோகிராஃப் கொட்டகைக்கு! பாரிஸில் லூமியேர் சகோதரர்கள் காசு வாங்கிக்கொண்டு படம் காட்டியது 1895 டிசம்பர் 28. நாவல் வந்தது 1897. டைப்ரைட்டர், ஃபோனோகிராஃப், தந்தி, கோடக் கேமரா என்று புதுப் புது யந்திரங்களையெல்லாம் கதைக்குள் இழுத்த ஸ்டோக்கர், சினிமாவை மட்டும் விட்டுவிட்டார். கப்போலா அதைக் கொண்டுவந்து சேர்த்தார். நாவலில் இல்லாத இந்தக் காட்சிதான், என் கணக்கில், படத்திலேயே நாவலுக்கு ரொம்ப விசுவாசமான காட்சி.

எய்கோ இஷியோகா என்ற ஜப்பானியப் பெண்மணியின் உடைகளைப் பற்றித் தனிக் கட்டுரையே எழுதலாம். தோலுரித்த தசைநார் மாதிரி சிவப்புக் கவசம். லூஸியின் கல்யாண உடை ஆஸ்திரேலியக் காட்டில் கழுத்துச் சவ்வை விரிக்குமே ஒரு ஓணான், அதைப் பார்த்துத் தைத்தது. கிழ டிராகுலாவின் சிவப்பு அங்கி தரையில் ரத்த ஆறு மாதிரி அவன் பின்னாலேயே வருகிறது. தலையில் அந்த இரட்டைக் கொண்டை மட்டும்... சாரி மேடம். மேன்ஷனில் அன்றைக்கு நாங்கள் சிரித்த சிரிப்பில் பக்கத்து ரூம்காரர் கதவைத் தட்டினார். 1993-லேயே ‘சிம்ப்சன்ஸ்’ கார்ட்டூனும் அதைக் கிண்டல் பண்ணிவிட்டது.

இவ்வளவு அழகிலும் ஒரு சங்கடம் உண்டு. கப்போலாவுக்கு நிறுத்தத் தெரியவில்லை. பல் பதிந்த இரண்டு காயம் ஓநாயின் கண்களாகிறது, மயிலிறகின் கண் குகையாகிறது, கண்ணீர் வைரமாகிறது. லூஸியின் தலை துண்டாகி விழும், அடுத்த ஷாட் தட்டில் வறுத்த மாட்டிறைச்சியை நறுக்குகிறார்கள்! (மறக்கவும் முடியவில்லை, அடுத்த வேளை சாப்பிடவும் முடியவில்லை.) ஒவ்வொன்றும் பிரமாதம்தான். ஆனால் கல்யாணப் பந்தியில் சோறு, சாம்பார் எதுவுமில்லாமல் பாயசம் மேல் பாயசமாக ஊற்றினால்? 1922-ல் மூர்னாவ் எடுத்த ‘நோஸ்ஃபெராட்டு’ ஊமைப்படத்தில் மாடிப்படிச் சுவரில் ஒரு கூனல் நிழல் ஏறும். அவ்வளவுதான். சுற்றிலும் வெறுமையாக இருப்பதால் அந்த நிழல் நூறு வருஷம் தாண்டியும் ஏறிக்கொண்டே இருக்கிறது. அவர் நிஜத் தெருவிலும் நிஜக் கோட்டையிலும் எடுத்தார். கப்போலா முழுப் படத்தையும் ஸ்டூடியோ செட்டுக்குள்ளேயே எடுத்ததில், காற்றுக்கூட ஆர்ட் டைரக்டரைக் கேட்டுத்தான் வீசுகிறது.

நடிப்பா? ஓல்ட்மன் அபாரம். ஆன்தனி ஹாப்கின்ஸ் பேய் ஓட்டும் புரொஃபஸராக வந்து மற்றவர்கள் பங்கையும் சேர்த்து நடித்துவிட்டார். கீனு ரீவ்ஸ் இங்கிலீஷ்காரர் மாதிரி பேச முயன்றதை இங்கிலீஷ்காரர்களே மன்னிக்கவில்லை, நாம் அந்தப் பஞ்சாயத்துக்குப் போக வேண்டாம்.

எனக்கு நிஜமாகவே வலித்த இடம் இனிமேல்தான். நாவலில் ஒரு காட்சி. கணவன் அதே அறையில் மயங்கிக் கிடக்க, டிராகுலா மினாவின் பிடரியைப் பற்றி, தன் மார்பைக் கிழித்து, அந்த ரத்தத்தை அவள் வாயில் பலவந்தமாகத் திணிக்கிறான். கதறுகிறாள். தான் தீட்டுப்பட்டுவிட்டதாகத் துடிக்கிறாள். நாவலிலேயே கொடூரமான பக்கங்கள் அவை. அது என்ன மாதிரியான குற்றம் என்று 1897-ல் படித்தவர்களுக்கும் புரிந்திருக்கும், நமக்கும் புரிகிறது.

இதே காட்சி படத்தில் காதல் காட்சி! தன் உயிர்த்தோழி லூஸியைக் கொன்றது இவன்தான் என்று தெரிந்ததும் மினா அவனை அடிக்கிறாள். நாலு அடி. ஐந்தாவது அடிக்குக் கை ஓங்கவில்லை, ‘உன்னைக் காதலிக்கிறேன்’ என்கிறாள். அவன் தயங்க, அவளே விரும்பிக் குடிக்கிறாள். லூஸிக்காக அழ ஒரு நிமிஷம்கூட ஒதுக்கவில்லை அந்தத் திரைக்கதை. தெருவில் ஒரு பெண்ணை ஒருவன் பின்தொடர்கிறான், ‘வேண்டாம், போ’ என்றாலும் விடாமல் வருகிறான், கொட்டகைக்குள் ஓரங்கட்டுகிறான், கடைசியில் அவளுக்கே அவன்மேல் காதல் வந்துவிடுகிறது. இந்தக் கதையை நாம் எத்தனை படத்தில் பார்த்துக் கைதட்டியிருக்கிறோம்! அன்றைக்கு மேன்ஷனில் நானும்தான் விசில் அடித்தேன்.

இரக்கம் வேண்டுமென்றால் அதுவும் நாவலிலேயே இருக்கிறது. டிராகுலாவை ஒழித்துக்கட்டக் கிளம்பும் ஆண்களிடம் மினா, அவன் ஆத்மாவும் பரிதாபத்துக்குரியதுதான், வெறுப்போடு போகாதீர்கள் என்கிறாள். காதலி சொல்லவில்லை, பாதிக்கப்பட்டவள் சொல்கிறாள். அதைச் சொல்ல அவளுக்கு எவ்வளவு நெஞ்சுரம் வேண்டும்! அந்த ஒரு இடத்தைப் பிடித்திருந்தால் கப்போலாவுக்கு எலிசபெத்தாவும் தேவைப்பட்டிருக்காது, ஆற்றில் குதித்திருக்கவும் வேண்டாம்.

இந்தப் படத்துக்கு அப்புறம் ரத்தக்காட்டேரிகள் உட்கார்ந்து அழ ஆரம்பித்தன. 2008-ல் ‘ட்விலைட்’ வந்தபோது காலேஜ் பையன் மாதிரி தலை வாரிக்கொண்டு வந்தன. 2024-ல் ராபர்ட் எக்கர்ஸ் ‘நோஸ்ஃபெராட்டு’வை மறுபடி எடுத்தபோதுதான் பிரபு பெரிய மீசையும் அழுகிய உடம்புமாகப் பழைய கோலத்தில் திரும்பினார். ஊரின் மேல் ஒரு கை நிழல் படர்ந்தது. நிழலுக்கு மவுசு குறையவே இல்லை.

போன மாதம் அந்தப் பழைய ரூம்மேட்டிடம் போனில் பேசினேன். ரிடையர் ஆகிவிட்டான். ‘‘உன் கேள்விக்குப் பதில் கிடைச்சிடுச்சுடா’’ என்று ஆரம்பித்து, டிராகுலா ஃபைலைக் கொளுத்தியது, இரும்புப் பெட்டியில் காப்பி இருந்தது எல்லாம் சொன்னேன். அவன் கொஞ்சமும் அசரவில்லை.

‘‘எத்தனை காப்பி எடுத்தாளாம்?’’

‘‘மூணு.’’

‘‘தெரியும்டா. கார்பன் வெச்சு ஒண்ணு மட்டும் அடிக்கிறவ டைப்பிஸ்ட்டே இல்லை’’ என்றான்.